காலக்கவசம் போட்டவர் மேல் ஹேஸ்ட் வேலை செய்யுமா?

மூன்றாம்பகடை:
டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் (கதாபாத்திரமாக ஆடும் மேசை விளையாட்டு), 2014 விதிகள். நான்தான் டிஎம் (ஆட்டத்தை நடத்துபவர்). ஃபைட்டர் (போர்வீரர்) ஆடுகிறவருக்காக நானே ஒரு பிளேட் கவசம் உருவாக்கியிருக்கிறேன், பெயர் காலக்கவசம். விவரம் ஒரே வரி: "அணிந்தவரை நேரத்தில் நடக்கும் எந்தக் குழப்பமும் தொடாது." இன்னும் அவர் கையில் கொடுக்கவில்லை. அதற்கு முன் சில சந்தேகங்கள்.

ஸ்லோ (ஆளை மெதுவாக்கும் மந்திரம்) அவரைப் பாதிக்காது, அது சரி. ஆனால் நம்ம விசார்டே (மந்திரவாதி) அவர் மேல் ஹேஸ்ட் (ஆளை வேகமாக்கும் மந்திரம்) போட்டால்? வில்லன் டைம் ஸ்டாப் (காலத்தை நிறுத்தும் மந்திரம்) போட்டால்? அப்புறம், அடுத்து வரும் டன்ஜனில் ஓர் அறை இருக்கிறது. உள்ளே ஒரு மணி நேரம் இருந்தால் வெளியே ஒரு வருஷம் ஓடிவிடும். கவசத்தோடு அதற்குள் போனால் இவருக்கு என்ன ஆகும்?

ஈட்டிமுனை:
ரொம்ப யோசிக்காதீர்கள். எதிரி போட்டால் தடுக்கும், நண்பர் போட்டால் விடும். முடிந்தது.

பழையசுருள்:
ஈட்டிமுனை சொல்வது வசதிதான், ஆனால் அப்படி ஒரு கவசத்தில் சுவாரசியமே இல்லை. நல்லது வந்தால் வாங்கிக்கொள்ளும், கெட்டது வந்தால் விரட்டும் என்றால் அது வெறும் போனஸ். அதற்கு ஏசியில் (அடி படாமல் காக்கும் கவச எண்ணில்) ஒன்று கூட்டிக் கொடுத்துவிட்டுப் போகலாம். காலத்தை ஏன் இழுக்க வேண்டும்?

என் தீர்ப்பு: ஹேஸ்ட்டையும் தடுக்கட்டும். இதில் விலையும் இருக்கிறது, லாபமும் இருக்கிறது. இரட்டை வேகம், ஏசியில் கூடுதல் இரண்டு, ஒவ்வொரு டர்னிலும் (தன் முறை வரும்போதெல்லாம்) ஓர் அதிகப்படி ஆக்‌ஷன், எல்லாம் போய்விடும். ஆனால் விசார்ட் அடிவாங்கி கான்சென்ட்ரேஷன் (மந்திரத்தை நிலைக்கவைக்கும் கவனம்) உடைந்தால், ஹேஸ்ட் போட்டுக்கொண்டவர் அடுத்த டர்ன் முழுக்க நகரவும் முடியாமல், ஆக்‌ஷனும் எடுக்க முடியாமல் நிற்பாரே, அந்தத் தொல்லையும் இவருக்குக் கிடையாது. ஸ்லோ விஷயத்தில் தாராளமாக இருங்கள். மந்திர மோதிரமான ரிங் ஆஃப் ஃப்ரீ ஆக்‌ஷன் போட்டிருந்தால் ஸ்லோவால் வேகம் குறையாது, ஆனால் ஏசி குறைவதையும், அடுத்தவர் டர்னில் பதிலுக்குச் செய்யும் ரியாக்‌ஷன் போவதையும் அது தடுக்காது. உங்கள் கவசம் அத்தனையையும் தடுத்தால், அணிபவர் அதனோடு பிணைந்துகொள்ளும் அட்யூன்மென்ட் கேட்பதில் தப்பே இல்லை.

டைம் ஸ்டாப்தான் வழுக்கும் இடம். 2014 விதிப்படி மற்றவர்களுக்குக் காலம் நிற்கிறது, போட்டவர் இரண்டு முதல் ஐந்து டர்ன் வரை தொடர்ந்து ஆடுகிறார். மூன்றரைப் பதிப்பு வேறு மாதிரி சொல்கிறது: காலம் நிற்பதே இல்லை, போட்டவர் அவ்வளவு வேகமாகிவிடுகிறார், அவ்வளவுதான். இந்த விளக்கத்தை எடுத்துக்கொண்டால் காலக்கவசத்துக்கு அங்கே வேலையே இல்லை, ஏனென்றால் ஃபைட்டரை யாரும் ஒன்றும் செய்யவில்லை. எனக்குப் பிடித்தது இரண்டாம் பதிப்புதான். அதில் டைம் ஸ்டாப் ஒரு குறிப்பிட்ட வட்டத்துக்குள் மட்டும் நடக்கும், உள்ளே இருக்கும் எல்லாரும் உறைந்துபோவார்கள், குறுந்தெய்வங்களும் அவர்களுக்கு மேலே உள்ளவர்களும் தவிர. உறையாதவர் என்று ஒரு வகை விதியிலேயே இருந்திருக்கிறது, பாருங்கள். உங்கள் ஃபைட்டரை அந்த வகையில் சேருங்கள். ஆனால் எல்லா டர்னையும் கொடுத்துவிடாதீர்கள். ஒரே ஒரு டர்ன், அதன் பிறகு மறுநாள் விடியும்வரை கவசம் வெறும் இரும்பு. வில்லன் நிதானமாகத் தனக்குப் பாதுகாப்பு மந்திரங்களை அடுக்கிக்கொண்டிருக்கும்போது, உறைந்திருக்க வேண்டிய ஒருத்தர் தலையைத் திருப்பிப் பார்க்கிறார். அந்த ஒரு டர்ன் போதும்.

இனி அந்த அறை. உங்கள் ஒரு வரியை அப்படியே எடுத்தால் ஆட்டம் கவிழும். கவசம் அவரை வெளி நேரத்திலேயே கட்டி வைக்கிறது என்று வையுங்கள். வருஷத்துக்கு 8,760 மணி நேரம். அறைக்குள் ஆறு வினாடி ரவுண்ட் ஒன்று முடிவதற்குள் இவருக்குப் பதினாலரை மணி நேரம் ஓடிவிடும். எதிரி வாளை ஓங்கி இறக்குவதற்குள் இவர் எல்லாரையும் வெட்டிச் சாய்த்து, ஒரு லாங் ரெஸ்ட்டும் எடுத்து, எழுந்து சாப்பிட்டும் முடித்திருப்பார். மற்றவர்கள் மேசையில் என்ன செய்வார்கள், போனை நோண்டுவார்களா? சண்டை இல்லாவிட்டால் இன்னும் மோசம். நண்பர்கள் உள்ளே ஒரு மணி நேரம் தேடினால், இவர் சிலைகளுக்கு நடுவில் ஒரு வருஷம் காத்திருக்க வேண்டும், அதுவும் சோறு தண்ணீர் இல்லாமல். பாதுகாப்பு என்று கொடுத்தது தனிச்சிறை ஆகிவிடும்.

அதனால் கவசம் எந்தக் கடிகாரத்தைக் காக்கிறது என்று எழுதுங்கள். நான் எழுதினால் இப்படி: "அணிந்தவர் நிற்கும் இடத்தின் நேரமே அவருடைய நேரம். அதிலிருந்து அவரை மட்டும் பிரிக்கும் எதுவும் அவரைத் தொடாது." அறை முழுக்க மெதுவாக ஓடினால் அவரும் எல்லாரோடும் மெதுவாகவே ஓடுவார். ஸ்லோவும் ஹேஸ்ட்டும் ஆளைப் பிடிக்கும் மந்திரங்கள், இடத்தை அல்ல, அதனால் இரண்டும் தோற்கும். வட்டத்துக்குள் நடக்கும் டைம் ஸ்டாப் இடத்தைத்தானே பிடிக்கிறது என்று கண்டிப்பாக யாராவது கிளம்புவார்கள். அதற்குத்தான் நாளுக்கு ஒரு டர்ன் என்று தனியாக, விதிவிலக்காக எழுதச் சொல்கிறேன்.

ஈட்டிமுனை:
பதினாலரை மணி நேரக் கணக்கு என்னைக் கவிழ்த்துவிட்டது. ஆனாலும் ஹேஸ்ட்டைத் தடுத்தால் உங்கள் விசார்ட் ஆடுகிறவர் முறைப்பார், சொல்லிவிட்டேன்.

மூன்றாம்பகடை:
முறைக்கட்டும், அவருக்கு ஃபயர்பால் இருக்கிறது. இடத்தின் நேரம் என்கிற வரியை எடுத்துக்கொள்கிறேன். கடைசியாக ஒன்று: அந்த டன்ஜனில் ஒரு பேய் வைத்திருக்கிறேன். அதன் முகத்தைப் பார்த்து வயசாவதைக் கவசம் தடுக்குமா?

பழையசுருள்:
விதிப்படி சேவ் (தப்பிக்க உருட்டும் பகடை) தேவையான எண்ணைவிட ஐந்து அல்லது அதற்கு மேல் குறைந்து தோற்றால்தான் வயசு ஏறும், பத்து முதல் நாற்பது வருஷம் வரை. அது அவரை மட்டும் நேரத்திலிருந்து பிரிப்பதுதான், அதனால் தடுக்கும். பயம் வேறு கணக்கு. சேவில் தோற்றால் அதே முகத்தைப் பார்த்து எல்லாரையும் போல இவரும் அலறட்டும். கிரேட்டர் ரெஸ்டரேஷன் என்கிற குணமாக்கும் மந்திரம் போட்டால் ஏறிய வயசை இறக்கலாம், ஆனால் 24 மணி நேரத்துக்குள் போட வேண்டும். ஆகவே கவசம் இல்லாத மற்றவர்களை அந்த அறைக்குப் பக்கத்தில் பேயிடம் மாட்டவிடாதீர்கள். அடிபட்ட பிறகு ஒரு நிமிஷம் உள்ளே ஒளிந்தாலே வெளியே ஆறு நாள் போயிருக்கும். கெடு எந்த நேரப்படி என்று அப்போது இன்னொரு கேள்வி போடுவீர்கள்.