எண்ணூர் உப்பளத்து நெட்டைக்காலிகள்: எல்லாம் வயல் நெட்டைக்காலிகள்தாமா?

அத்திப்பட்டு வாசி எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். அத்திப்பட்டிலிருந்து எண்ணூர் கழிமுகம் நோக்கிச் செல்லும் வழியில், உப்பெடுப்பு நின்று புல் மண்டிப்போன பழைய பாத்திகளில், மார்கழி மாதக் கடைசியிலிருந்து நெட்டைக்காலிகள் (தரையில் மேயும் சிறு பழுப்புநிறப் பறவைகள்) சில மேய்ந்து வருகின்றன. ஆண்டு முழுவதும் இங்கே தென்படும் வயல் நெட்டைக்காலியை நான் நன்கறிவேன். ஆனால் இக்கூட்டத்தில் ஒன்றிரண்டு பறவைகள் மற்றவற்றைவிடச் சற்றே பெரியனவாகவும், மார்பை நிமிர்த்தி நிற்பனவாகவும், நீண்ட வால் உடையனவாகவும் தோன்றுகின்றன.

படங்களை இணைத்துள்ளேன். முதல் பறவை வரப்பின்மேல் காலை வெயிலில் நிற்கிறது. இரண்டாவது பறவை புல்லுக்குள் பாதி மறைந்திருந்தாலும், சிறகின் மேற்பகுதி தெளிவாகத் தெரிகிறது. இவற்றைக் கண்ட நண்பர்களில் ஒருவர் நிறத்தைக் கொண்டு ரிச்சர்டு நெட்டைக்காலி என்றார். மற்றொருவர் சென்னையில் எதைக் கண்டாலும் வயல் நெட்டைக்காலி என்று எழுதிவிடுவதே பாதுகாப்பு என்றார். இரண்டு விடைகளிலும் எனக்கு நிறைவில்லை. பெயரைவிட, எந்த அடையாளத்தை எந்த அளவுக்கு நம்பலாம் என்பதை அறியவே விரும்புகிறேன்.

புழல் ஏரிக்கரை எழுதியது:

வணக்கம் ஐயா. குளிர்காலத்தில் சென்னைப் பகுதியில் பெரிய நெட்டைக்காலி ஒன்றைக் கண்டால் நான்கு பெயர்களை மனத்தில் கொள்ள வேண்டும். இங்கேயே தங்கி இனப்பெருக்கம் செய்யும் வயல் நெட்டைக்காலி ஒன்று. சைபீரியா, மங்கோலியா, சீனா ஆகிய பகுதிகளிலிருந்து வலசை வரும் ரிச்சர்டு நெட்டைக்காலியும், ஏறக்குறைய அதே திசையிலிருந்து வரும் பிளைத் நெட்டைக்காலியும் அடுத்த இரண்டு. நான்காவது, வறண்ட வெளிகளை நாடும் மணல்நிற நெட்டைக்காலி. இந்த நான்காவதற்கு அலகுக்கும் கண்ணுக்கும் இடையே ஓடும் கருங்கோடு நல்ல அடையாளம்; வளர்ந்த பறவையின் மார்பில் கீற்றுகள் அநேகமாக இரா. உங்கள் இரண்டு படங்களிலும் மார்புக் கீற்றுகள் உள்ளன, முகத்தில் அத்தகைய கருங்கோடு இல்லை. ஆகவே அதனை ஒதுக்கிவிடலாம். இளம் பறவைகளிடம் முதல் குளிர்காலத்திலும் சில கீற்றுகள் எஞ்சியிருப்பதுண்டு என்பதால், கீற்றை மட்டும் கண்டு ஒதுக்காமல் முகத்தையும் சேர்த்தே பார்க்க வேண்டும்.

அளவைப் பொறுத்தவரை, வயல் நெட்டைக்காலி சுமார் 15 செ.மீ., ரிச்சர்டு 17 முதல் 18 செ.மீ., பிளைத் இவ்விரண்டுக்கும் இடைப்பட்டது. ஒன்றோடொன்று நெருங்கி நிற்கும்போதன்றி இந்த வேறுபாடு களத்தில் பயன்படாது. குளிர்ந்த காலையில் இறகைச் சிலிர்த்துக்கொண்டு நிற்கும் வயல் நெட்டைக்காலியும் பெரிதாகத்தான் தெரியும். எதையோ கண்டு எச்சரிக்கையுற்றால் அதுவும் மார்பை நிமிர்த்தும். நிற்கும் தோரணையைவிடப் பறக்கும் விதம் நம்பத்தக்கது. வயல் நெட்டைக்காலி வலுவற்ற படபடப்போடு தாழ்வாகச் சிறிது தொலைவு பறந்து மீண்டும் புல்லில் இறங்கிவிடும். ரிச்சர்டு வலுவாக, அலை அலையாக ஏறி இறங்கி நெடுந்தொலைவு செல்லும். உயரமான புல்லில் இறங்குமுன் ஒரு கணம் அந்தரத்தில் சிறகடித்து நிற்பதும் அதன் வழக்கம்.

உங்கள் முதல் பறவை, என் மதிப்பீட்டில், வயல் நெட்டைக்காலிதான். உடல் சிறுத்து, வால் குட்டையாக, அலகு மெலிந்திருக்கிறது. இரண்டாவது பறவை அப்படியன்று. அதன் அலகு தடித்தது. பின்விரல் நகமும் ஒரு படத்தில் ஓரளவு தெரிகிறது. அதைப் பற்றி முடிவு சொல்லுமுன், சிறகின் நடுவரிசை மூடிறகுகளை (சிறகின் மேற்பரப்பை மூடியிருக்கும் சிற்றிறகுகளை) மட்டும் பெரிதாக்கி அனுப்ப இயலுமா?

மணலி மேய்ச்சல்நிலம் எழுதியது:

நிறத்தைப் பற்றி மட்டும் ஒரு சொல். நம் வட்டாரத்தில் கரிப்புழுதியும் அனல்மின் நிலையச் சாம்பலும் படிந்த தரையில் மேயும் பறவைகளின் அடிவயிறும் வாலோரமும் அழுக்கேறிப்போகின்றன. வெளிறியதா, செம்பழுப்பா, சாம்பல்பழுப்பா என்று அத்தகைய பறவையிடம் கேட்பதில் பொருளில்லை. காலை எட்டு மணிக்கு முன் எடுத்த படத்தில் எல்லா நெட்டைக்காலிகளும் செம்பழுப்பாகவே இருக்கும். போதாக்குறைக்கு, தை மாசியில் இறகின் விளிம்புகள் தேய்ந்திருக்கும். தேய்ந்த பறவைக்கும் புதிதாக இறகு முளைத்த பறவைக்கும் இடையிலுள்ள நிற வேறுபாடு, இரண்டு இனங்களுக்கு இடையிலுள்ளதைவிடப் பெரிது.

படத்தில் இருப்பவை வானம்பாடிகள் அல்ல என்பதில் எனக்கு ஐயமில்லை. தடித்த குட்டை அலகோ, பறக்கையில் சிறகில் தோன்றும் செம்பழுப்போ இருந்தால் புதர் வானம்பாடியை எண்ணலாம். இங்கே இரண்டும் இல்லை.

அத்திப்பட்டு வாசி எழுதியது:

இருவருக்கும் நன்றி. இரண்டாவது பறவையின் சிறகை வெட்டிப் பெரிதாக்கி இணைத்துள்ளேன். நடுவரிசையில் பெரும்பாலான இறகுகளின் கருமையான நடுப்பகுதி கூர்மையாக முடிந்து, வெண்மையான மெல்லிய விளிம்பு சுற்றி ஓடுகிறது. ஆனால் உட்பக்கமாக இருக்கும் ஓர் இறகு மட்டும் வேறுமாதிரி இருக்கிறது: அதன் கருமை சதுரமாக வெட்டியதுபோல் முடிகிறது, அதற்கு வெளியே மங்கிய மஞ்சள்பழுப்பு அகலமாக உள்ளது. ஒரே பறவையில் இரண்டு வடிவங்கள் ஏன்?

புழல் ஏரிக்கரை எழுதியது:

மிகச் சரியான இடத்தில் கண்வைத்திருக்கிறீர்கள். கூர்மையான நடுப்பகுதியும் வெண்விளிம்பும் கொண்டவை கூட்டைவிட்டு வந்தபோது இருந்த இளம்பருவ இறகுகள். இவை ரிச்சர்டுக்கும் பிளைத்துக்கும் ஏறத்தாழ ஒரே மாதிரி இருப்பதால் எதையும் நிறுவமாட்டா. இளம்பருவ இறகைக் கண்டு ரிச்சர்டு என்று அறிவித்துவிடுவது இணையத்தில் அன்றாடம் நடக்கிறது. உட்பக்கத்திலிருக்கும் அந்த ஓர் இறகு, இறகுதிர்ப்புக்குப் பின் புதிதாக முளைத்தது. ஆராய வேண்டியது அதைத்தான். வளர்ந்த பறவையின் இறகில், ரிச்சர்டுக்குக் கருமை முக்கோணமாகக் குவிந்து ஓரத்தில் கலங்கிக் கரையும்; பிளைத்துக்குக் கருமை சதுரமாக, தெளிவான எல்லையோடு முடியும். நீங்கள் விவரித்தது பிளைத்துக்குப் பொருந்துகிறது.

இருந்தாலும் ஓர் இறகை வைத்து முத்திரை குத்த நான் தயங்குகிறேன். பின்விரல் நகம் ரிச்சர்டுக்கு நீளமாகவும் வளைவு குறைந்தும் இருக்கும், பிளைத்துக்குக் குட்டையாகவும் கூடுதலாக வளைந்தும் இருக்கும். படத்தில் புல் மறைப்பதால் நகத்தின் நுனி தெரியவில்லை. அடுத்த முறை தார் பூசிய சாலையிலோ வரப்பின் வெறுந்தரையிலோ பறவை நடக்கும்போது, தரைமட்டத்துக்குத் தாழ்ந்து பக்கவாட்டில் படமெடுத்துப் பாருங்கள்.

பழவேற்காட்டுக் கரையோரம் எழுதியது:

உரையாடலைத் தாமதமாகக் கண்டேன். குரலைப் பற்றி இதுவரை எவரும் கேட்காதது வியப்பாக உள்ளது. இந்த மூன்றையும் பிரிப்பதில் கண்ணைவிடக் காதே உதவும் என்பது என் கருத்து. வயல் நெட்டைக்காலி எழும்பும்போது ‘சிப், சிப்’ என்று மெலிதாக, குட்டையாக ஒலிக்கும். ரிச்சர்டு ‘ஷ்ரீப்’ என்று உரக்க, கரகரப்பாக, வெடித்தாற்போல் கத்தும். காற்று வீசும் கழிமுகத்திலும் அதைத் தவறவிட முடியாது. பிளைத்தின் நீண்ட ஒலி அதற்கு நெருங்கியதே ஆயினும் கடைசியில் தாழ்ந்து இறங்கும். இடையிடையே ‘சுப்’ என்ற குட்டை ஒலியும் கேட்கும். கைப்பேசியில் ஒலிப்பதிவு செய்துகொண்டு பறவையை நோக்கி மெல்ல நடந்தால் போதும், அது எழும்பும் கணத்தில் கத்திவிடும். பதிவை ஒலியலை வரைபடமாக மாற்றிப் பார்த்தால் இறங்குமுகம் கண்ணுக்கே தெரியும்.

வகைப்பாட்டைக் குறித்தும் ஒன்று கூற வேண்டும், ஏனெனில் சென்னையின் பழைய பட்டியல்களோடு ஒப்பிட எண்ணுபவர்கள் இங்கே இடறுகிறார்கள். வியேயோ என்ற பிரெஞ்சு அறிஞர் 1818இல் ரிச்சர்டு நெட்டைக்காலிக்கும் வயல் நெட்டைக்காலிக்கும் தனித்தனிப் பெயர் சூட்டினார். பின்னாளில் இவ்விரண்டையும், ஆப்பிரிக்கா, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து ஆகிய இடங்களிலுள்ள ஒத்த பறவைகளையும் ஒரே இனமாகத் தொகுத்தனர். நியூசிலாந்துப் பறவைக்கு க்மெலின் என்ற ஜெர்மானிய அறிஞர் 1789இல் இட்ட பெயர் முந்தியது என்பதால், எல்லாவற்றுக்கும் ‘ஆந்தஸ் நோவேசீலாண்டியே’ என்பதே பெயராயிற்று. நம் வயல் நெட்டைக்காலி அதன் துணையினமாக நின்றது. குரல், உருவம், பின்னர் மரபணு ஆகியவற்றைக் கொண்டு அந்தத் தொகுப்பை மீண்டும் பிரித்தனர். இப்போது வயல் நெட்டைக்காலி ‘ஆந்தஸ் ரூஃபுலஸ்’, ரிச்சர்டு ‘ஆந்தஸ் ரிச்சர்டி’. எனவே துணையினத்தைக் குறிக்காத பழைய பதிவொன்றில் அந்த நியூசிலாந்துப் பெயர் மட்டும் இருந்தால், அது எந்தப் பறவை என்று இன்று சொல்ல வழியில்லை. ஜூன், ஜூலை மாதப் பதிவாயின் மட்டும் வயல் நெட்டைக்காலி என்று துணியலாம்.

பிளைத் இந்தக் குழப்பத்துக்கு வெளியே நிற்பது. ‘ஆந்தஸ் காட்லெவ்ஸ்கி’ என்று தச்சனோவ்ஸ்கி 1876இல் விவரித்தார். சைபீரியாவுக்கு நாடு கடத்தப்பட்ட போலந்துக்காரரான காட்லெவ்ஸ்கி அறிவியற்பெயரில் இருக்கிறார். கல்கத்தா அருங்காட்சியகத்தில் பணியாற்றிய எட்வர்டு பிளைத் பொதுப்பெயரில் இருக்கிறார்.

அத்திப்பட்டு வாசி எழுதியது:

நேற்று மாலை மீண்டும் சென்றிருந்தேன். ஒலிப்பதிவு கிடைத்தது, ஆனால் மின்கம்பத்தின் இரைச்சலும் லாரிகளின் ஒலிப்பானும் கலந்துவிட்டன. இரண்டாவது பறவையின் ஒலி நீண்டது என்பது உறுதி, இறங்குகிறதா என்பது தெளிவாக இல்லை. பறக்கும்போது எடுத்த ஒரு படத்தில் வால் விரிந்துள்ளது. இதைப் பறவைப் பதிவுகளுக்கான இணையதளமான இ-பேர்டில் எவ்வாறு பதிவது?

புழல் ஏரிக்கரை எழுதியது:

வாலில் வெளியோரத்திலிருந்து இரண்டாவது இறகைக் கவனியுங்கள். அதன் வெண்மை இறகுத்தண்டையொட்டி நீண்ட மெல்லிய ஆப்பாக மேலேறினால் பெரும்பாலும் ரிச்சர்டு; நுனியருகே குட்டையாக, மழுங்கிய முக்கோணமாக நின்றுவிட்டால் பெரும்பாலும் பிளைத். உங்கள் படத்தில் அது குட்டையாகவே தெரிகிறது. சதுரக் கருமையுள்ள மூடிறகும் இதுவும் ஒரே திசையைக் காட்டுவதால், நான் பிளைத் என்றே சாய்கிறேன். ஒலி தெளிவாகக் கிடைக்கும்வரை, முதல் பறவையை வயல் நெட்டைக்காலி என்றும், இரண்டாவதை இனம் குறிக்காமல் நெட்டைக்காலி என்றும் பதிந்து, சிறகு, வால் படங்களையும் இரைச்சலுள்ள அந்த ஒலிப்பதிவையும் சேர்த்தே ஏற்றிவிடுங்கள். குறிப்புப் பகுதியில் மூடிறகின் வடிவத்தை எழுதி வைத்தால், மதிப்பாய்வாளர் கேட்குமுன்பே விடை இருக்கும். வலசைப் பறவைகள் ஏப்ரல் வரை தங்கக்கூடும் என்பதால் அவகாசம் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை விடிகாலையில் லாரிகள் குறைவு.