திரிக்லாவ் உச்சிக்குப் புது ஆள் போகலாமா?

ஊர்சுற்றி:
ஜூலை கடைசியில் ஸ்லோவேனியா போகிறோம். அந்த நாட்டின் மிக உயரமான மலையான திரிக்லாவ் (2864 மீட்டர்) ஏறியே தீர வேண்டும் என்று தோழி ஒற்றைக்காலில் நிற்கிறாள். மலையில் நடந்த பழக்கம் இருவருக்கும் உண்டு, ஆனால் கயிறு, கொக்கி எதையும் தொட்டதில்லை. எந்தப் பாதை நல்லது? வழிகாட்டி வேண்டுமா?

பாறைப்பல்லி:
கிர்மா பள்ளத்தாக்கு வழியாகப் போங்கள். நீளம் அதிகம்தான், ஆனால் இருப்பதில் சுலபம் அதுதான். வ்ராதா பள்ளத்தாக்குப் பக்கத்துப் பாதைகள் செங்குத்து. ஒரே நாளில் ஏறி இறங்கப் பார்க்காதீர்கள், 2515 மீட்டரில் கிரெடாரிட்சா விடுதி இருக்கிறது, இப்போதே இடம் பிடித்துவிடுங்கள். அதற்கு மேலேதான் விஷயமே. பாறையில் அடித்த இரும்பு முளைகள், இழுத்துக் கட்டிய கம்பிவடம், சின்ன திரிக்லாவ் என்ற துணைச் சிகரத்தைத் தாண்டினால் இரண்டு பக்கமும் பள்ளமாக ஒரு குறுகல் முகடு. இடுப்புப் பட்டையில் இரண்டு கொக்கி இருக்கும், இரண்டையும் வடத்தில் மாட்டிக்கொண்டு போக வேண்டும். வடம் பாறையில் பதிகிற இடம் வரும்போதெல்லாம் ஒன்றைக் கழற்றி அடுத்த பக்கம் மாட்டிய பிறகுதான் மற்றதைத் தொட வேண்டும். எதிரே இறங்குகிறவர்களும் அதே வடத்தில்தான் வருவார்கள், அவசரப்படாதீர்கள். ஹெல்மெட் கட்டாயம். முதல் தடவை என்றால் வழிகாட்டி வைத்துக்கொள்வதே புத்திசாலித்தனம்.

மேகநாதன்:
கோடையில் மதியத்துக்கு மேல் இடி மழை பிடித்துக்கொள்ளும், இரும்பு வடத்தைப் பிடித்தபடி இடியில் சிக்கக் கூடாது. விடியும்போதே கிளம்புங்கள்.

அப்புறம் உச்சியில் ஒரு சின்ன உலோகக் கோபுரம் இருக்கும், அதன் கதை எனக்கு ரொம்பப் பிடிக்கும். ஆஸ்திரிய-ஹங்கேரியப் பேரரசுக் காலத்தில் ஜெர்மன் பேசும் மலையேற்றச் சங்கங்கள் இந்த மலைகளில் கோலோச்சிக்கொண்டிருந்தன. அதற்குப் பதிலடியாக யாக்கோப் அல்யாஷ் என்ற ஸ்லோவேனியப் பாதிரியார் உச்சியில் இருந்த அந்தத் துண்டு நிலத்தையே விலைக்கு வாங்கி, 1895இல் கோபுரத்தை நட்டுவிட்டார்! 2018இல் பழுதுபார்க்க ஹெலிகாப்டரில் கீழே கொண்டுபோய், திரும்ப வைத்தார்கள்.

சோம்பேறி:
ஏறித்தான் ஆக வேண்டுமா? அந்த மலை அவர்கள் கொடியிலும் இருக்கிறது, 50 சென்ட் நாணயத்திலும் இருக்கிறது. வ்ராதாவில் நின்று வடக்குச் சுவரைப் பாருங்கள், ஏறக்குறைய ஆயிரம் மீட்டர் பாறை, கழுத்து வலிக்கும். போகிற வழியில் பெரிச்னிக் அருவி வேறு. இன்னொன்று, முதல்முறை உச்சி தொட்டவர்களுக்குப் பின்பக்கத்தில் கயிற்றால் அடி கொடுப்பது அங்கே வழக்கம்.

ஊர்சுற்றி:
நன்றி மக்களே. கிர்மா வழி, வழிகாட்டியோடு, முடிவாகிவிட்டது. கயிற்றடி பற்றி அவளிடம் மூச்சு விடப்போவதில்லை.