பெரிய மார்க்கெட்டில் குபேர் பெயர் தொடர வேண்டுமா?

முத்தியால்பேட்டை வாசகி:
புதுச்சேரி பெரிய மார்க்கெட்டைச் சீர்மிகு நகரத் திட்டத்தில் இடித்துக் கட்டும் பேச்சும், அதற்கு வணிகர்கள் காட்டும் எதிர்ப்பும் நாம் அறிந்தவை. கடைகளைப் பற்றிய கேள்விகளை வணிகர்கள் எழுப்பிவிட்டார்கள். நான் வேறொன்றைக் கேட்கிறேன். என்றாவது புதிய கட்டடம் எழுந்தால், அதன் முகப்பில் எதுவார் குபேரின் பெயர் தொடர வேண்டுமா?

வேண்டாம் என்பது என் கருத்து. இந்நகரின் மேயராக இருந்து, 1963 ஜூலை 1 அன்று புதுச்சேரியின் முதல் முதலமைச்சரானவர் அவர் என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் 1951இல் பிரெஞ்சு நாடாளுமன்றத்துக்கு நடந்த தேர்தலில் அவர் 90 ஆயிரத்துக்கும் அதிகமான வாக்குகள் பெற்றார் என்றும், அதற்கு முன் உறுப்பினராக இருந்த லம்பேர் சரவானுக்கு இருநூறு வாக்குகள்கூடக் கிடைக்கவில்லை என்றும் படிக்கும்போது, அதை மக்கள் தீர்ப்பு என்று நம்ப என்னால் முடியவில்லை. இந்தியா விடுதலை பெற்று ஆறரை ஆண்டுகள் பிரெஞ்சு ஆட்சியின் தூணாக நின்றுவிட்டு, அது சாயப்போகிறது என்று தெரிந்த பிறகு இந்தப் பக்கம் வந்தவருக்குக் கடற்கரைச் சாலையும் மார்க்கெட்டும் என்று இரண்டு நினைவுச் சின்னங்கள் எதற்கு?

நெட்டப்பாக்கத்தான்:
அம்மா, அவர் வந்த நேரத்தைச் சொல்கிறீர்கள். வந்ததனால் என்ன நடந்தது என்பதைச் சொல்லாமல் விடுகிறீர்கள். 1954 மார்ச் 18 அன்று நிர்வாகக் குழு உறுப்பினர்களும் எட்டு கொம்யூன்களின் (பிரெஞ்சுக் கால உள்ளாட்சிப் பகுதிகளின்) மேயர்களும் சேர்ந்து இந்தியாவோடு இணைய வேண்டும் என்று தீர்மானம் போட்டார்கள். குபேரும், அன்று புதுச்சேரி மேயராக இருந்த முத்துப்பிள்ளையும் அதற்கு முன்னணியில் நின்றார்கள். பதின்மூன்று நாள் கழித்து, மார்ச் 31 அன்று, எங்கள் நெட்டப்பாக்கத்தில் இந்தியக் கொடி ஏறியது.

எங்கள் ஊரின் அமைவிடத்தை வரைபடத்தில் பார்த்தவர்களுக்கு அந்த நாளின் பொருள் புரியும். பிரெஞ்சுப் பகுதி ஒரே துண்டாக இருந்ததில்லை. இந்தியக் கிராமங்களுக்கு நடுவே தீவு தீவாகச் சிதறிக் கிடந்தது. சந்தைக்குப் போகச் சுங்கச் சாவடி, உறவினர் வீட்டுக்குப் போக அனுமதிச் சீட்டு என்று வாழ்ந்த மக்களுக்கு, கொம்யூனின் மேயரே மாறி நின்றது பெரும் துணிவைக் கொடுத்தது. ஊர்க்காரர்கள் எத்தனை ஆண்டு கத்தினாலும் "கிளர்ச்சிக்காரர்கள்" என்று பாரீஸ் ஒதுக்கியிருக்கும். தன் நாடாளுமன்றத்திலேயே உட்கார்ந்திருந்த உறுப்பினர் எழுந்து வெளியே வந்தபோது அப்படி ஒதுக்க அதனால் முடியவில்லை. குபேர் இல்லாவிட்டாலும் இணைப்பு நடந்திருக்கும் என்பதை ஏற்கிறேன். அந்த ஆண்டே, நவம்பர் முதல் நாளே நடந்திருக்குமா?

ஆலைத் தொழிலாளி மகன்:
நடந்திருக்கும் ஐயா, ஏனென்றால் அடித்தளம் அதற்கு முன்பே போடப்பட்டுவிட்டது. 1936 ஜூலை 30 அன்று புதுச்சேரியின் சவானா பஞ்சாலைத் தொழிலாளர்கள்மீது பிரெஞ்சுப் படையினர் சுட்டதில் பன்னிரண்டு பேர் மாண்டார்கள். மறு ஆண்டு எட்டு மணி நேர வேலைச் சட்டம் வந்தது. அந்தப் போராட்டத்தை வழிநடத்திய வ. சுப்பையாவின் வீடு 1950இல் எரிக்கப்பட்டது. அப்போது புதுச்சேரி அரசியலில் கோலோச்சியது யாருடைய கட்சி? குபேரின் பிரெஞ்சிந்திய சோசலிஸ்ட் கட்சி. தீ வைத்தவர்கள் யார் என்று நான் இங்கே தீர்ப்பு எழுதவில்லை. ஆனால் எதிர்க்கட்சிக்காரர்கள் தெருவில் நடக்க அஞ்சிய அந்தக் காலத்தில் அதிகாரத்தை வைத்திருந்தவர் அதற்குப் பொறுப்பேற்க வேண்டாமா?

நிதி முறைகேடுகள் பற்றிய விசாரணை நெருங்கியதால்தான் அவர் மனம் மாறினார் என்று வரலாற்றை எழுதியவர்கள் பலர் குறித்திருக்கிறார்கள். இன்னொன்றையும் கவனியுங்கள். நீங்கள் பெருமையாகச் சொல்லும் மார்ச் 18 தீர்மானம், வாக்கெடுப்பு இல்லாமலே இணைப்பைக் கேட்டது. வங்காளத்தில் பிரெஞ்சு ஆட்சியில் இருந்த சந்திரநாகூரின் மக்கள் 1949 ஜூனில் தாங்களே வாக்களித்து முடிவெடுத்தார்கள். நமக்கு அந்த உரிமை கிடைக்கவில்லை.

கெடிலக்கரை:
கடலூரிலிருந்து எழுதுகிறேன். இரு தரப்பும் 1954ஐ மட்டுமே பேசுகிறீர்கள். மார்க்கெட் நகராட்சிக்கு உரியது. ஆகையால் அந்த மனிதர் மேயராக எப்படி இருந்தார் என்பதையும் பேச வேண்டும். உங்கள் மேயர் பதவி எங்களுடையதைப் போன்றதல்ல. கடலூர் நகராட்சி 1866இல் தோன்றினாலும், அது மாநகராட்சி ஆனது 2021இல்தான். 2022இல்தான் முதல் மேயரைக் கண்டோம், அவரையும் கவுன்சிலர்கள்தான் தேர்ந்தெடுத்தார்கள். புதுச்சேரியிலோ 1880ஆம் ஆண்டு பிரெஞ்சு ஆணை முதலே மேயரும் நகர்மன்றமும் இருந்தன. பிறப்பு, திருமணம், இறப்புப் பதிவேடுகள் எல்லாம் மேரி (Mairie) எனப்படும் அந்த நகர்மன்றக் கட்டடத்தில்தான் இருந்தன. அங்கே பதிவான ஒரு வரியால் பிரெஞ்சுக் குடியுரிமை பெற்ற குடும்பங்கள் எத்தனையோ.

ஒரே மனிதர் ஊருக்கு மேயராகவும் நாடாளுமன்றத்துக்கு உறுப்பினராகவும் இருப்பது பிரெஞ்சு மரபில் 2017 வரை இயல்பான செயலாக இருந்தது. தமிழ்நாட்டிலோ 2002இல் சட்டத்தைத் திருத்தி அதைத் தடுத்தார்கள்; சென்னை மேயராகவும் சட்டமன்ற உறுப்பினராகவும் இருந்த மு.க. ஸ்டாலின் மேயர் பதவியை விட நேர்ந்தது அதனால்தான். என்னைக் கேட்டால், குபேரின் வலிமை, மேயர் பதவி வேறொருவரிடம் இருந்தபோதும், ஊர், பாரீஸ் என்ற இரு இடத்துப் பிடியிலிருந்து வந்தது. ஊரில் இருந்த பிடியைப் பாரீசிலும், பாரீசில் இருந்த செல்வாக்கை ஊரிலும் பயன்படுத்தினார். அது நல்லதா என்பது வேறு கேள்வி.

நெட்டப்பாக்கத்தான்:
தோழர் வாக்கெடுப்பைப் பற்றிச் சொன்னதற்குப் பதில் சொல்ல வேண்டும். 1954 அக்டோபர் 18 அன்று கீழூரில் வாக்களித்தவர்கள் 178 பேர். அவர்கள் பேரவை உறுப்பினர்களும் நகர்மன்ற உறுப்பினர்களும். இணைப்புக்கு ஆதரவாக 170 பேர், எதிராக 8 பேர். நம் வரலாற்றின் மிகப் பெரிய முடிவை எடுத்த அந்தக் கூட்டத்தில் ஒவ்வொரு கொம்யூனின் உறுப்பினரும் இருந்தார். உள்ளாட்சி உறுப்பினருக்கு அதைவிடப் பெரிய மதிப்பு வேறெங்கே கிடைத்தது?

முத்தியால்பேட்டை வாசகி:
அந்த 178 பேரின் தேர்வே கேள்விக்குரியதாக இருந்தது என்பதுதான் என் வருத்தம். 1948 அக்டோபரில் நடந்த நகராட்சித் தேர்தலில் வன்முறையும் முறைகேடும் நடந்ததாகக் காங்கிரசாரும் கம்யூனிஸ்டுகளும் அன்றே புகார் சொன்னார்கள். 1951இல் வந்த நடுநிலைப் பார்வையாளர் குழுவும் நேர்மையான வாக்கெடுப்புக்கான சூழல் இங்கே இல்லை என்றே கருதியது. அந்தச் சூழலை உருவாக்கிய கட்சியின் தலைவரே பின்னர் விடுதலை வீரராகக் கொண்டாடப்படுவதைத்தான் என் மனம் ஏற்க மறுக்கிறது.

ஆனாலும் கெடிலக்கரை ஐயா சொன்னதைப் படித்த பிறகு ஒன்றை ஒப்புக்கொள்கிறேன். மார்ச் 1954இல் அவர் அசையாமல் இருந்திருந்தால், நெட்டப்பாக்கத்திலும் பாகூரிலும் ரத்தம் சிந்தியிருக்கலாம். அதைத் தவிர்த்த பங்கு அவருக்கு உண்டு. பெயரை அகற்றச் சொல்வதைவிட, பக்கத்திலேயே ஒரு பலகை வைத்து 1951ஐயும் 1954ஐயும் சேர்த்தே எழுதலாம் என்று இப்போது நினைக்கிறேன். முதலமைச்சராக அவர் இருந்தது பதினான்கு மாதங்கள் மட்டுமே என்பதையும் அதில் எழுதலாம்.

ஆலைத் தொழிலாளி மகன்:
பலகையை என்னால் ஏற்க முடியாது. சவானா ஆலையில் மாண்ட பன்னிரண்டு பேரின் பெயரை அங்கே வையுங்கள். தினமும் காய்கறி வாங்க வருகிறவர்கள் படிக்கட்டும்.

அதற்கு முன், இதை யார் முடிவு செய்வது என்று எல்லோரையும் கேட்கிறேன். 1973ஆம் ஆண்டின் நகராட்சிச் சட்டத்தோடு பிரெஞ்சுக் கால மேயர் பதவி போய்விட்டது. 1968க்குப் பிறகு 2006இல்தான் நகராட்சித் தேர்தல் நடந்தது. அந்த மன்றத்தின் காலம் 2011இல் முடிந்ததிலிருந்து தேர்ந்தெடுக்கப்பட்ட கவுன்சிலர்கள் நமக்கு இல்லை. 2014இல் இடிந்து விழுந்த மேரி கட்டடத்தை மீண்டும் எழுப்பி 2021இல் திறந்தார்கள். உள்ளே உட்காரத் தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றம்தான் இல்லை. மார்க்கெட்டுக்குப் பெயர் வைக்கத் தீர்மானம் போட வேண்டியவர்கள் அந்தக் கவுன்சிலர்கள்தான். குபேரைப் பற்றிப் பேசுகிற நாம் எல்லோரும், அவர் வந்த அந்த வாசலை முதலில் திறக்கச் சொல்லி உள்ளாட்சித் துறைக்கு ஒரு மனு எழுதலாமா? நான் கையெழுத்திடுகிறேன். நெட்டப்பாக்கத்தாரும் இடுவார் என்று நம்புகிறேன்.

நெட்டப்பாக்கத்தான்:
இடுகிறேன் தோழர். மனுவை நீங்களே எழுதுங்கள். பன்னிரண்டு பேரின் பெயர்ப் பலகையையும் சேர்த்தே கேளுங்கள். குபேர் பெயரை எடுக்க வேண்டும் என்ற வரி மட்டும் அதில் இருந்தால் நான் கையெழுத்திட மாட்டேன்.