புதுப்பிப்பு: கணவரை இழந்த சக ஊழியரிடம் என்ன பேசுவது?

வேலைக்குத் திரும்பும் தோழிக்கு எப்படி ஆறுதல் சொல்வது என்று கேட்டிருந்தேன். பதில் சொன்ன எல்லோருக்கும் நன்றி.

"ஏதாவது வேணும்னா சொல்லுங்க" என்றதற்குத் தலையசைப்போடு சரி. கைகொடுத்தது, கணவரைப் பற்றிய ஒரு நினைவை எழுதிக் கொடுக்கச் சொன்ன யோசனைதான். நாலே வரி: அலுவலக விழா முடிந்து எல்லோரும் கிளம்பிய பிறகும், நின்று நாற்காலிகளை அடுக்கிவைத்தவர் அவர். மடித்து மேசையில் வைக்கும்வரை தயக்கம்தான். இது பலருக்கும் உண்டு. நன்றிக் கடிதம் எழுதுவோர், பெறுபவரின் சங்கடத்தை அதிகமாகவும் மகிழ்ச்சியைக் குறைவாகவும் கணிப்பதை அமித் குமார், நிக்கோலஸ் எப்லி 2018இல் வெளியிட்ட ஆய்வு காட்டியது.

எதிர்பாராதது: மறுநாள் தோழியே வந்து, "அவர் பேரைச் சொல்லவே எல்லாரும் பயப்படுறாங்க. நீங்க எழுதிட்டீங்க" என்றார். அப்புறம் மதிய இடைவேளை முழுக்க அவரைப் பற்றித்தான் பேச்சு.