அறிவைச் சேமிக்கும் வேற்றுக்கிரகப் பூஞ்சை: இரண்டு இடங்களில் உதவி தேவை

நண்பர்களே, அறிவியல் புனைகதைக்கான பூஞ்சை இது. உயிரியல் தெரிந்தவர்கள் ஓட்டைகளைச் சொல்லுங்கள்.

சேமிப்பு டி.என்.ஏ.வில்தான். பூமியின் நியூரோஸ்போரா பூஞ்சையில் ஏறக்குறைய 4 கோடி கார இணைகள் (டி.என்.ஏ. ஏணியின் படிகள், அதாவது எழுத்துகள்) உண்டு. இணைக்கு 2 பிட் என்றால் மொத்தம் 10 மெகாபைட். ஒரு வித்துக்குள் நூலகம் அடங்காது. வித்துக்கு ஒரு பக்கமாகப் பிரித்தால் தாராளம்.

காப்புப் பிரதியில்தான் முதல் சிக்கல். நியூரோஸ்போராவில் ஒரே வரிசை இரண்டு முறை இருந்தால், பாலினப் பெருக்கத்தின்போது இரண்டுமே சிதைக்கப்படும். தாவும் மரபணுக்களை (தம்மைத் தாமே நகலெடுத்து இடம் மாறும் டி.என்.ஏ. துண்டுகளை) அடக்கும் காவல் அது. ஆக, பிரதி எடுத்தால் மூலமும் போச்சு! சுமார் 80 சதவீதம் ஒத்திருந்தாலே மாட்டிக்கொள்ளும். அதே தகவலை வேறு குறியீட்டில் எழுதித் தப்பிக்கலாமா? அப்படியானால் குறியீட்டின் திறவுகோலை எங்கே வைப்பது?

தகவல் ஓரிடத்திலிருந்து இன்னோரிடம் போவது மெதுவாக இருப்பதில் ஆட்சேபம் இல்லை. பூஞ்சையின் உடலான நூல் போன்ற இழைக்குள் ஓட்டம் வினாடிக்கு 10 மைக்ரோமீட்டர் என்று வைத்தால் 1 மீட்டருக்கு 28 மணி நேரம், 1 கிலோமீட்டருக்கு 3 ஆண்டுகளுக்கு மேல். மின்துடிப்பால் வேகமாக அனுப்பலாமே என்பவர்களுக்கு: 2022இல் வெளிவந்த ஆய்வில் 4 பூஞ்சைகளின் துடிப்புகள் ஒவ்வொன்றும் 1 முதல் 21 மணி நேரம் நீண்டன. தந்தியே தேவலை.

இரண்டாவது சிக்கல், அதே பூஞ்சையின் அந்நியக் கூட்டங்களுக்குச் செய்தி அனுப்புவது. பொருந்தாத இரண்டு இழைகள் இணைந்தால் இணைந்த செல்லே செத்துவிடும். பக்கத்து செல்களோடு இணைக்கும் துளைகளும் அடைபடும். சாகும் முன் செய்தி கைமாற என்ன வழி? இழை இணையாமலே, செய்தியைச் சிறு ஆர்.என்.ஏ. (டி.என்.ஏ.வின் உறவான மூலக்கூறு) பைகளாக வெளியே கசியவிட்டால் நம்பும்படி இருக்குமா?