ஹட்டன் டவுன வச்சு நகரப் புவியியல் ஆய்வு எப்படி செய்யலாம்?

டிக்கோயா_பிள்ளை:
எல்லாருக்கும் வணக்கம். நான் கெம்பஸ்ல ஜியோக்ரபி படிக்கிறேன், வீடு இலங்கை மலையகத்துல டிக்கோயா பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்துல. நகரப் புவியியல் பாடத்துக்கு தெரிஞ்ச டவுன் ஒன்ன எடுத்து சின்ன ஆய்வு செய்ய சொல்லியிருக்காங்க, நான் ஹட்டன எடுத்துட்டேன். ஆனா படிச்சது பூரா அமெரிக்காவுல இருக்கிற சிக்காகோ. 1925ல பர்கெஸ்ங்கிற சமூகவியலாளர் அந்த நகரத்துக்குப் போட்ட வட்டங்கள், நடுவுல வியாபாரம், பிறகு பழைய வீடுங்க, தொழிலாளர் வீடு, வசதியானவங்க வீடுன்னு போகுது. ஹட்டன்ல ரோட்டுக்கு ரெண்டு பக்கமும் கடை, மேல கொஞ்சம் வீடு, அப்புறம் உடனே தேயிலை மலை, வட்டத்த எங்க போடுறது? வெளி, இடம்னு ரெண்டா பிரிக்கிறாங்களே, அதையும் யாராச்சும் விளங்குற மாதிரி சொல்லுங்க.

மலையக_வாத்தியார்:
தங்கச்சி, வட்டத்த விடுங்க. அது சமதரையில வேகமா பெருத்த ஒரு தொழில் நகரத்த பார்த்து போட்டது. நம்ம டவுன் ஏன் அங்க இருக்குன்னு முதல்ல கேளுங்க. 1869ல கோப்பிக்கு இலைநோய் வந்து, கோப்பி அழிஞ்ச மலையெல்லாம் தேயிலை ஆச்சு, ரயில் 1885ல நானுஓயா வரைக்கும் ஏறிடுச்சு, தேயிலைய ஏத்தவும் அரிசி மூட்டைய இறக்கவும் ஸ்டேஷன் பக்கத்துல கடை வந்துச்சு. சுத்தி தோட்டக் காணி, அதனால டவுன் ரோட்ட புடிச்சு நீளுது.

வெளி, இடம்னு சொல்றத யீ-ஃபு துவான்ங்கிற புவியியலாளர் 1977ல எழுதுனாரு, ஒரு வெளிய நம்ம பழகி அதுக்கு ஒரு மதிப்பு குடுத்தா அது இடமாயிடுது. லெஃபேவ்ர்ங்கிற பிரெஞ்சு சிந்தனையாளர் 1974லயே இன்னொன்னு சொல்லிட்டாரு, வெளி சும்மா கெடக்குறதில்ல, சமூக உறவும் அதிகாரமும் சேர்ந்துதான் அத உண்டாக்குது. நீங்க லயத்துல, அதான் தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டுல, வளந்தவங்கன்னா இது சீக்கிரம் புடிபடும். தோட்டத்த நடத்துற துரையோட பங்களா மேட்டுல, லயம் கீழ வரிசையா, யாரு யார பார்க்கலாம்ங்கிறது கட்டும்போதே முடிவாயிடுச்சு. அதே லயத்து வாசல்ல காமன் கூத்துக்கு சனம் கூடும்போது அது நம்ம இடம்.

துணிக்கடை_அண்ணன்:
எனக்கு தியரி தெரியாது தங்கச்சி, ஹட்டன்ல கடையில நிக்கிறவன் சொல்றேன், நேரத்த பாருங்க. சம்பளம் போட்டா ஒரு டவுன், மாசக் கடைசியில வேற டவுன். தீபாவளி முற்பணம் குடுத்தா நடக்க வழி இருக்காது. மார்கழி பௌர்ணமியில சிவனொளிபாதமலை யாத்திரை சீசன் தொடங்குனா வைகாசி வரைக்கும் ராத்திரியிலயும் ஆள் நடமாட்டம்.

இன்னொன்னு, தோட்டத்துப் பொம்பளைங்க எங்க நிக்கிறாங்கன்னு கவனிங்க. அடகுக்கடை, மருந்துக்கடை, மரக்கறி எல்லாம் முடிச்சிட்டு பஸ்ஸுக்கு காத்திருக்கும்போது மழை வந்தா எங்க கடை தாவாரத்துல ஒதுங்குவாங்க, பைய ரெண்டு காலுக்கும் நடுவுல வச்சுக்கிட்டு, உள்ள வாங்கக்கான்னா வரமாட்டாங்க, ஒன்னும் வாங்கலையேன்னு கூச்சம். காசு குடுக்காம உக்கார டவுன்ல எடமே இல்ல. பெத்த புள்ளைய இடுப்புல வச்சிக்கிட்டு ஒன்றரை மணித்தியாலம் நிக்கிறவங்கள பார்த்தா வயிறு எரியும். இத கட்டாயம் எழுதுங்க.

கொழும்புல_ஒரு_மலையகத்தான்:
அண்ணன் சொன்னதுதான் விஷயம். அதோட கணக்கையும் சேர்த்துக்கோங்க. நம்ம நாட்டு சனத்தொகை கணக்கெடுப்புல நகரம், கிராமம், தோட்டம்னு மூனா பிரிக்கிறாங்க. மாநகர சபை, நகர சபை எல்லைதான் நகரம். 20 ஏக்கருக்கு கொறையாம, குடியிருக்கிற தொழிலாளி 10 பேருக்கு கொறையாம இருந்தா தோட்டம். 2012ல நகரம் 18.2 வீதம், தோட்டம் 4.4 வீதம். ஆனா ஹட்டன் கடைங்க நடக்குறதே அந்த தோட்டத்து சம்பளத்துல. அங்க வாழ்றவங்கள நகரத்து ஆளா எண்ணுறதில்ல, பஸ்ஸ்டாண்டுல உக்கார வாங்கு (பெஞ்ச்) போடும்போது அவங்கள கேக்குறதும் இல்ல. 1987 பிரதேச சபை சட்டத்தால தோட்டத்துக்குள்ள ரோட்டுக்கு கூட சபை காசு செலவழிக்க முடியாம இருந்து, 2018ல தான் திருத்துனாங்க. எல்லைக்கோடு வரைபடத்துல சும்மா இருக்கிற கோடுன்னு நினைக்காதீங்க.

டிக்கோயா_பிள்ளை:
ரொம்ப நன்றி சேர், அண்ணாமார். அப்ப பஸ்ஸ்டாண்ட மட்டும் எடுக்குறேன், சம்பள நாள் ஒன்னு, சாதாரண நாள் ஒன்னு, யாரு எங்க எவ்வளவு நேரம் நிக்கிறாங்க, எங்க உக்காருறாங்கன்னு படத்துல குறிக்கிறேன். போட்டோ எடுக்க யார்கிட்ட கேக்கணும்?

துணிக்கடை_அண்ணன்:
பொம்பளைங்கள போட்டோ எடுக்காதீங்க தங்கச்சி, பேசி எழுதிக்கோங்க. கடைக்கு வாங்க, முதலாளிகிட்ட சொல்லி வைக்கிறேன், தாவாரத்துல ஸ்டூல் போட்டு தர்றேன்.