மரண வாக்குமூலமும் வலிநீக்கி மருந்தும்: தீர்ப்புகள் தேவை

வணக்கம். மரண வாக்குமூலத்தின் நம்பகத்தன்மை குறித்துக் கட்டுரை எழுதிவருகிறேன். குற்ற வழக்குகளை நடத்தும் வழக்கறிஞர்களும் தடயவியல் மருத்துவர்களும் வழிகாட்ட வேண்டுகிறேன்.

நம்பத்தக்கதாக இருந்தால் மரண வாக்குமூலத்தை மட்டுமே கொண்டு தண்டிக்கலாம் என்பதைக் குஷால் ராவ் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்திவிட்டது. காயமடைந்தவர் தெளிவான மனநிலையில் இருந்தார் என வாக்குமூலத்தைப் பதிவுசெய்த நீதித்துறை நடுவருக்கு (மாஜிஸ்திரேட்) நிறைவு ஏற்பட்டிருந்தால், மருத்துவச் சான்று இல்லை என்பதற்காகவே அதைத் தள்ளிவிட முடியாது என்று 2002-இல் லக்ஷ்மண் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு கூறியது. என் கவலை இங்குதான் தொடங்குகிறது. கடும் தீக்காயத்துக்கு வலிநீக்கி ஏற்றப்பட்டு, உறவினர்கள் சூழ்ந்திருக்க, ஒருவர் தலையசைத்தும் ஓரிரு சொற்களிலும் சொன்ன விடைகள் கோர்வையான வாக்கியங்களாகி, கருகிய கைவிரலுக்குப் பதிலாகக் கால் பெருவிரல் ரேகையுடன் நீதிமன்றத்துக்கு வரும்போது, குறுக்கு விசாரணைக்கே இடமில்லாத அந்தச் சாட்சியத்தை எப்படி எடைபோடுவது? சாகும் தறுவாயில் எவரும் பொய் சொல்லமாட்டார் என்ற நம்பிக்கை, பிறர் சொல்லிக்கொடுத்ததற்கும் நினைவு பிறழ்ந்ததற்கும் விடையாகாது.

மருந்து கொடுத்த நேரத்தையும் வாக்குமூலம் பதிவான நேரத்தையும் ஒப்பிட்டு ஆராய்ந்த தீர்ப்புகள் எவையேனும் தெரிந்தால், குறிப்பாக விடுதலையில் முடிந்தவை, அவற்றின் விவரங்களை இங்கே பகிருங்கள். ஒன்றுக்கொன்று முரண்படும் வாக்குமூலங்கள் பற்றிய தீர்ப்புகளும் மிகவும் உதவும்.